மறு: ‘டிரை ஃபயர்’ – தமிழில் எப்படிச் சொல்வது?

குழும நண்பர்களுக்கு வணக்கம். துப்பாக்கியில் தோட்டா இல்லாமல் விசையை (ட்ரிகர்) மட்டும் அழுத்திப் பழகுவதை ஆங்கிலத்தில் ‘டிரை ஃபயர்’ (dry fire) என்கிறார்கள். அதற்குத் தமிழ்ச் சொல்லாகக் குழுமத்தில் வந்த யோசனைகளுக்கு என் பதில் இது.

> உலர்மின்கலம், உலர்சலவை வரிசையில் ‘உலர்சுடுதல்’ என்றே வைத்துவிடலாமே?

வைக்கலாம், ஆனால் கேட்பவருக்கு மழையில் நனையாத துப்பாக்கிதான் நினைவுக்கு வரும். அதைவிட ‘சுடுதல்’தான் எனக்கு உறுத்துகிறது. இந்தப் பயிற்சியில் எதுவும் சுடப்படுவதில்லை. தோட்டா இல்லாமல் குறிபார்த்து, மூச்சை நிறுத்தி, விசையை மெல்ல அழுத்த, ‘டிக்’ என்று ஒரு சத்தம். அவ்வளவுதான். அந்த ‘டிக்’ விழும் நொடியில் முன்குறி (குழல் முனையில் இருக்கும் குறிபார்க்கும் முனை) எந்தப் பக்கம் நழுவியது என்று பார்ப்பதுதான் பயிற்சியே. உண்மைத் தோட்டா வெடித்தால் சத்தமும் பின்னுதைப்பும் சேர்ந்து கை வெடுக்கென்று இழுத்ததை மறைத்துவிடும். வீட்டில் வெள்ளைச் சுவரைப் பார்த்து அழுத்தும்போது மறைக்க ஒன்றும் இல்லை. 10 மீட்டர் ஏர் ரைஃபிளில் பத்துப் புள்ளி என்பது வெறும் அரை மில்லிமீட்டர்ப் பொட்டு. அங்கே இந்த நழுவல் எவ்வளவு பெரிய விஷயம் என்று சொல்ல வேண்டியதில்லை.

> ‘வெற்றுவேட்டு’ ஏற்கெனவே மக்கள் வாயில் இருக்கிறதே ஐயா?

இருக்கிறது, அரசியல் மேடைகளில்! போகட்டும். வேட்டு என்றால் சத்தம் வேண்டும். குண்டில்லாமல் மருந்து மட்டும் வைத்து வெடிக்கிற மரியாதை வேட்டுக்கு, படப்பிடிப்பு வேட்டுக்கு அந்தச் சொல்லை ஒதுக்கி வைப்போம். அது வேறு சரக்கு.

> ‘வெற்றுத் துப்பாக்கிப் பயிற்சி’ – எளிமை, எல்லோருக்கும் புரியும்.

இதை மட்டும் நான் கடுமையாக எதிர்க்கிறேன். எந்தத் துப்பாக்கியையும் தோட்டா நிறைந்ததாகவே கருது என்பதுதான் இந்தத் துறையின் முதல் பாடம். துப்பாக்கிக்குள் தோட்டா உட்காரும் அறையைக் கண்ணால் பார், விரலை விட்டுத் தடவிப் பார், தோட்டாப் பெட்டியை அடுத்த அறையில் வை, அப்போதும் குண்டு தாங்கும் சுவரை நோக்கியே பிடி என்று சொல்லிக்கொடுக்கிறார்கள். பயிற்சி முடிந்து தோட்டாவை ஏற்றிய பிறகு ‘இன்னும் ஒரே ஒரு தடவை’ என்று அழுத்துகிற ஆளால்தான் விபத்து வரும். அப்படிப்பட்ட இடத்தில், கையில் இருப்பது வெற்றுத் துப்பாக்கி என்று பெயரிலேயே சொல்லிக்கொடுக்கலாமா? வெறுமை செயலுக்கு இருக்கட்டும், கருவிக்கு வேண்டாம்.

ஆகவே என் பரிந்துரை: வெறுவிசை. வெறுவாய், வெறுவயிறு போல. விசை மட்டும் இயங்குகிறது, வேறெதுவும் நடக்கவில்லை. பன்னாட்டுத் துப்பாக்கி சுடுதல் கூட்டமைப்பின் விதிகளும் விசையை விடுவிப்பதாகத்தான் இதை வரையறுக்கின்றன. இன்றைய போட்டி ஏர் பிஸ்டல்களில் காற்று வெளியேறாமல் விசை மட்டும் வேலை செய்யும் அமைப்பும் இருக்கிறது; அதை ‘வெறுவிசை நிலை’ எனலாம். இயற்பியலிலும் விசை வருகிறதே என்பார்கள். கணினியில் விசைப்பலகை வரவில்லையா? இடம் பார்த்துப் புரிந்துகொள்வார்கள்.

பேச்சுக்கும் இது உதவும். பயிற்சியாளர் டிரை ஃபயரைச் சுருக்கி “ட்ரை பண்ணு” என்றால், புதிதாக வந்த பிள்ளை ‘முயற்சி செய்’ என்றுதான் எடுத்துக்கொள்ளும். தோட்டா கையில் இருக்கிற இடத்தில் இந்தக் குழப்பம் கூடாது. “பத்து வெறுவிசை, அப்புறம் தோட்டா” என்றால் சந்தேகமே இல்லை.

வில்வித்தைக்காரர்களுக்கும் இதே ஆங்கிலச் சொல்தான், ஆனால் அங்கே அது பயிற்சி அல்ல, கேடு. அம்பில்லாமல் நாணை இழுத்து விட்டால், அம்போடு போக வேண்டிய ஆற்றல் வில்லிலேயே இறங்கி அதன் கைகளைப் பிளந்துவிடும். அதற்கு ‘வெறுநாண்’ என்று தனிச்சொல் வைத்தால் நல்லது. ‘வெறுநாண் விடாதே’ என்று எச்சரிக்கைப் பலகையிலும் எழுதலாம்.

துப்பாக்கியிலும் எல்லா வகைக்கும் வெறுவிசை ஆகாது. பாயிண்ட் 22 (.22 அங்குலக் குழல்) வகையில், தோட்டாவை அடித்து வெடிக்க வைக்கும் ஊசி அதன் விளிம்பில் அடிக்கும். தோட்டா இல்லாவிட்டால் சில துப்பாக்கிகளில் அந்த ஊசி தோட்டா அறையின் விளிம்பிலேயே முட்டி அதை நசுக்கும். அதைத் தடுக்க உள்ளே வைக்கும் மருந்தில்லாத் தோட்டாவுக்கும் ஒரு பெயர் தேவை. ‘போலித் தோட்டா’ என்றால் கள்ளச்சந்தைச் சரக்கு போல் ஒலிக்கிறது. ‘தாங்குதோட்டா’ எப்படி? ஊசியின் அடியைத் தாங்குவதுதானே அதன் வேலை. இதைவிட நல்லது இருந்தால் சொல்லுங்கள்.