மேல்தெரு சொந்தங்கள், பூம்பாறை

செல்வி அத்தை: முருகேசனை கொடைக்கானலிலிருந்து தேனிக்கு ஏற்றிவிட்டார்கள். ராத்திரி தங்க யாராவது வாருங்கள்.

ராஜா: என்ன ஆச்சு?

செல்வி அத்தை: பூண்டுக்கு மருந்து அடித்துவிட்டு வந்தான். வாந்தி, வாயெல்லாம் எச்சில்.

பாண்டி மாமா: ஊருக்குள் வேறு மாதிரிப் பேசுகிறார்கள்.

செல்வி அத்தை: ஊரா, உங்கள் வீட்டுத் திண்ணையா?

கவிதா: அத்தை, சட்டை நனைந்து தோலில் ஊறினாலே போதும். ஆர்கனோபாஸ்பேட் வகைப் பூச்சிமருந்து, நரம்புச் செய்தியைக் கடத்தும் அசிட்டைல்கோலினை உடைக்கும் நொதியை முடக்கிவிடும். அசிட்டைல்கோலின் தேங்குவதால்தான் எச்சிலும் வியர்வையும். முறிவு மருந்தான அட்ரோபின் அதை அடக்கும், தசைத் தளர்ச்சிக்குக் கேட்காது. 24 முதல் 96 மணி நேரத்துக்குள் கழுத்தும் மூச்சும் தளரலாம். தலையைத் தூக்க முடியவில்லை என்றால் உடனே சிஸ்டரைக் கூப்பிடுங்கள். தீபாவளியிலிருந்தே அண்ணனுக்குத் தூக்கமில்லை என்றீர்களே, அதையும் டாக்டரிடம் சொல்லுங்கள். வருடக்கணக்காக மருந்து அடிப்பவர்களுக்கு மனச்சோர்வு அதிகம் என்று பல ஆய்வுகள் சொல்கின்றன. மருந்தாலா, கடனாலா என்று பிரிப்பதுதான் கஷ்டம்.

மணி: ஞாயிறு காதுகுத்து உண்டா? ஜீப்புக்கு முன்பணம் கொடுத்தாச்சு.

சரோஜா பெரியம்மா: ஆட்டுக்கும்.

பாண்டி மாமா: தாய்மாமன் மடி இல்லாமல் எப்படி?

ராஜா: 2016-ல் உங்கள் வீட்டில் தாய்மாமனைக் கூப்பிடாமலே குத்தினீர்களே.

பாண்டி மாமா: அது வேறு கதை.

கவிதா: மருந்தைக் குடித்தே இருந்தாலும் யாரும் திட்டாதீர்கள். 2017 மனநலச் சட்டம் 115-ஆம் பிரிவே அவரைக் கடும் மன அழுத்தத்தில் இருந்தவராகத்தான் கருதச் சொல்கிறது. இலங்கையில் கொடிய மருந்துகளைத் தடை செய்த பிறகு, 1995-லிருந்து பத்து வருடத்தில் தற்கொலை ஏறக்குறைய பாதியானது. அந்த ஒரு நேரம் மருந்து கைக்கு எட்டாமல் இருந்தால் போதும். பேச ஆள் வேண்டுமென்றால் 14416, அரசின் மனநல உதவி எண் டெலி மானஸ்.

செல்வி அத்தை: அவன் குடிக்கவில்லை.

செல்வி அத்தை: டப்பா கட்டிலுக்கு அடியில் இருந்தது. எப்போதும் அங்கேதான் இருக்கும்.

கவிதா: எல்லார் வீட்டிலும் அங்கேதான். மோட்டார் கொட்டகையில் வைத்துப் பூட்டினால் என்ன?

பாண்டி மாமா: சாவி யாரிடம்?

மணி: உங்களிடம் வேண்டாம்.

ராஜா: என் ஹோஸ் பைப் போன இடமே அந்தக் கொட்டகைதான்.

செல்வி அத்தை: கண் திறந்துவிட்டான். பூண்டுக்குத் தண்ணீர் கட்டியாச்சா என்கிறான்.

கவிதா: அட்ரோபின் போட்டால் கொஞ்சம் பிதற்றலும் வரும்.

செல்வி அத்தை: இது பிதற்றல் இல்லை, இதுதான் அவன்.

பாண்டி மாமா: நான் கட்டிவிட்டேன் என்று சொல். ராத்திரிக்கு நானே வருகிறேன். பஸ் இருக்கிறதா?

மணி: ஜீப்பில் போங்கள். முன்பணத்தில் கழித்துக்கொள்ளலாம்.

சரோஜா பெரியம்மா: அப்போ ஆடு?