வெட்டாத காட்சி நேர்மையான காட்சியா?

நீள்காட்சி:
ஐரோப்பியச் செய்தி சேனல் யூரோநியூஸின் 'நோ காமென்ட்' பகுதியில் வெறும் செய்திக் காட்சிதான், பின்னணிக் குரல் கிடையாது. நான் இன்னும் ஒரு படி மேலே கேட்கிறேன்: எடிட்டிங்கில் வெட்டும் வேண்டாம். எடுத்ததை முழுசாகப் போடுங்கள். கத்தரி பட்ட இடத்தில்தான் எடுப்பவரின் கருத்து நுழைகிறது.

கத்தரிமேசை:
அமெரிக்கப் பிரதிநிதிகள் சபையை 1979 முதல் சி-ஸ்பான் என்ற கேபிள் சேனல் வெட்டாமல்தான் காட்டியது. கேமராக்கள் சபையின் கையில். பேசுபவர் மேல் மட்டும் நிற்கும். அன்றைய அலுவல் முடிந்தபின் குடியரசுக் கட்சிக்காரர்கள் எழுந்து ஜனநாயகக் கட்சியினரைப் பெயர் சொல்லிச் சாடுவார்கள், பதில் வராது. டிவி பார்ப்பவருக்கு எதிர்த்தரப்பு வாயடைத்துப் போனதாகத் தோன்றும். 1984 மே மாதம் சபாநாயகர் டிப் ஓ'நீல் கேமராவைத் திருப்பச் சொன்னார். பார்த்தால் எல்லாம் காலி நாற்காலி! ஒரு வெட்டு இல்லாமலே எத்தனை நாள் ஏமாற்று.

நீள்காட்சி:
அதை அம்பலப்படுத்தியதும் வெட்டு இல்லையே, வெறும் பான்தானே, கேமராவைப் பக்கவாட்டில் திருப்பியதுதானே? முழு இடமும் தெரிய வைட் வையுங்கள், தீர்ந்தது.

ஒலிப்பெட்டி:
வைட் வைக்கக் கேமரா தள்ளிப் போனால் சத்தம் போச்சு. திறந்த வெளியில் தூரம் இரட்டித்தால் 6 டெசிபல் குறையும். கேமரா மைக்கில் பேச்சுக்குப் பதில் ஜெனரேட்டர்தான் கேட்கும். மைக் ஆளுக்குப் பக்கத்தில் போக வேண்டும். யார் பக்கத்தில் என்பதும் தேர்வுதான்.

கத்தரிமேசை:
அதேதான். ஆவணப்பட இயக்குநர் ஃபிரெடரிக் வைஸ்மேன் பேட்டியும் எடுத்ததில்லை, பின்னணிக் குரலும் வைத்ததில்லை. ஆனால் 'அட் பெர்க்லி' படத்துக்காக 250 மணி நேரம் எடுத்ததை 4 மணி நேரமாக வெட்டினார். மனநோய்க் கைதிகளின் மருத்துவமனையில் எடுத்த 'டிட்டிகட் ஃபாலிஸ்'ஸில் (1967) சாப்பிட மறுப்பவருக்கு மூக்கில் குழாய் விட்டு ஊட்டுகிறார்கள். நடுநடுவே அதே மனிதரின் பிணத்துக்குச் சவரம். வெட்டு இல்லாமல் இந்த அடி விழுமா?

நீள்காட்சி:
எனக்கு உறுத்துவதே அந்த இடம். ஊட்டும் டாக்டர் வாயில் சிகரெட், அதன் சாம்பல் புனலுக்கு மேலே தொங்குகிறது. விழுமோ விழாதோ என்று பார்ப்பவர் பதறும்போது பிணத்தைக் காட்டி 'இப்படி நினை' என்று சொல்லிக்கொடுப்பானேன்?

ஒலிப்பெட்டி:
சரி, வெட்டாமலே போடப் போகிறவர்களுக்கு: எக்ஸ்போஷரை (வெளிச்ச அளவை) லாக் செய்யுங்கள், இல்லாவிட்டால் வெள்ளைச் சட்டை ஒன்று கடந்தாலே படம் முழுக்க இருட்டும். 32 ஜிபி கார்டு ஃபேட்32 என்ற கோப்பு முறையில் இருக்கும், அதில் கோப்பு 4 ஜிபியில் துண்டாகும். நொடிக்கு 50 மெகாபிட் பதிவில் அது சுமார் 11 நிமிடம். கோப்பை மட்டும் இழுத்துப் போடாதீர்கள், கார்டின் ஃபோல்டரை அப்படியே நகலெடுங்கள். பல கேமராக்களில் துண்டுகளைச் சேர்க்கும் தகவல் தனிக் கோப்பில் இருக்கும். அது போனால் ஒட்டும் இடத்தில் சத்தம் 'டிக்' என்று அறும். பார்ப்பவர் அதை வெட்டு என்றுதான் சொல்வார்.

கத்தரிமேசை:
கூடவே கேமரா எங்கே நின்றது, எத்தனை மணிக்கு ஆன் செய்தீர்கள், ஏன் நிறுத்தினீர்கள் என்றும் எழுதுங்கள்.

நீள்காட்சி:
எழுதுகிறேன். நீங்களும் மிச்சம் 246 மணி நேரத்தில் என்ன இருந்தது என்று எழுதச் சொல்லுங்கள்.