புதுப்பிப்பு: அம்மாவின் கண்புரைக்கு எந்த லென்ஸ் வைத்தோம்

மூன்று மாதங்களுக்கு முன், அம்மாவின் கண்புரை அறுவை சிகிச்சையில் கண்ணுக்குள் வைக்க ஒற்றைக் குவிய லென்ஸா (ஒரே தூரத்துக்குத் தெளிவு தருவது), பல குவிய லென்ஸா (தூரம், கிட்டம் இரண்டுக்கும் உதவுவது) என்று இங்கே கேட்டிருந்தேன். பதில் எழுதிய அனைவருக்கும் நன்றி.

“முதலில் கருவிழி வளைவை அளந்த சீட்டைக் கேட்டு வாங்குங்கள்” என்று ஒருவர் சொன்னதுதான் கைகொடுத்தது. வலக்கண்ணில் சிலிண்டர் பவர், அதாவது கருவிழி சீராக வளையாததால் வரும் பார்வைக் குறைபாட்டின் அளவு, 2 டயாப்டருக்கு மேல். சாதாரண லென்ஸ் வைத்தால் புரை போனாலும் மங்கல் மிஞ்சும் என்று மருத்துவர் விளக்கினார். அதனால் அந்தக் கண்ணில், ஒற்றைக் குவியத்திலேயே இந்தக் குறையையும் சரிசெய்யும் டோரிக் வகையை வைத்தோம். பல குவியத்தை அம்மாவே வேண்டாம் என்றுவிட்டார்; இரவில் விளக்குகளைச் சுற்றி ஒளிவட்டம் தெரியக்கூடும் என்றதும் அவருக்கு மனம் ஒப்பவில்லை.

சொட்டு மருந்தால் கண்ணை மரத்துப்போகச் செய்தார்கள். கால் மணி நேரத்தில் முடிந்தது. இப்போது தூரப்பார்வைக்குக் கண்ணாடி தேவையில்லை. படிக்க மட்டும் வேண்டும், அது தெரிந்ததுதான்.

எதிர்பாராதது நிறம். கண்களை மாற்றி மாற்றி மூடிப் பார்த்துவிட்டு, “இந்தச் சுவர் வெள்ளையா? சந்தன நிறம் என்றல்லவா நினைத்திருந்தேன்!” என்றார். கண்ணில் இயற்கையாக இருந்த, மஞ்சளேறிய பழைய லென்ஸ் செய்த வேலை. இடக்கண்ணுக்கு இன்னமும் அது சந்தனச் சுவர்தான்; அடுத்த மாதம் அதற்கும் நாள் குறித்திருக்கிறோம்.