சொக்கலேற் ‘சிப்’ – தமிழில் எப்படி எழுதுவது?

கிளிநொச்சியிலிருந்து, மனைப்பொருளியல் ஆசிரியை:

குழுமத்தார் அனைவருக்கும் வணக்கம். வீட்டில் வெதுப்பும் பண்டங்கள் பற்றிய கைநூல் ஒன்றை எங்கள் பயிற்சி வகுப்புக்காகத் தமிழாக்கி வருகிறேன். வெள்ளிக்கிழமை அச்சுக்குக் கொடுக்க வேண்டும். பழைய முறைச் சொக்கலேற் சிப் குக்கி என்ற பாடத்தில் வந்து நின்றுவிட்டேன். 1930களில் அமெரிக்காவின் மசச்சூசெற்ஸ் மாநிலத்தில் ரோல் ஹவுஸ் விடுதியை நடத்திய ரூத் வேக்ஃபீல்ட் அம்மையார், சொக்கலேற் கட்டியை உடைத்து மாவில் கலந்து செய்த பண்டம் இது. கோதுமை மா 2¼ கோப்பை, பட்டர் 1 கோப்பை, வெள்ளைச் சீனியும் சிவப்புச் சீனியும் முக்கால் முக்கால் கோப்பை, முட்டை 2, அப்பச்சோடா, உப்பு, வனிலா ஆகியவற்றில் ஒவ்வொரு தேக்கரண்டி, சொக்கலேற் 2 கோப்பை. 190 பாகை செல்சியசில் 9 முதல் 11 நிமிடம். இவற்றை எழுதுவதில் சிக்கல் இல்லை. மாவில் கலக்கும் சிறு சொக்கலேற் துண்டைக் குறிக்கும் ‘சிப்’ என்பதைச் ‘சில்லு’ என்று எழுதி வகுப்பில் வாசித்தபோது, முன்வரிசையில் இருந்த பிள்ளை எழுதுவதை நிறுத்திவிட்டு, “எந்தச் சில்லு, ரீச்சர்?” என்று கேட்டாள். சைக்கிள் சில்லும் வண்டிச் சில்லும் உருளும் ஊரில் அந்தச் சொல் வேறெதையும் குறிக்காது என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. ‘சிப்’புக்கும் ‘குக்கி’க்கும் தமிழில் என்ன எழுதலாம்?

வவுனியாவிலிருந்து, ஓய்வுபெற்ற தமிழாசிரியர்:

ஆசிரியை அவர்களுக்கு வணக்கம். ‘சிப்’புக்கு ‘அரி’ என்ற சொல் ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலாகக் காத்திருக்கிறது. சிலப்பதிகார வழக்குரை காதையில் கண்ணகி தன் சிலம்பை ‘மணியுடை அரியே’ என்கிறாள்; உள்ளே இடப்படும் சிறு மணியே அரி. மாவுக்குள் சொக்கலேற் இருப்பதும் அவ்வாறே. ‘குக்கி’யைப் பொறுத்தவரை, அது சிறு கேக்கைக் குறிக்கும் ஒல்லாந்தச் சொல்லிலிருந்து வந்தது, நம் நாட்டுக் கொக்கிசும் அதே வேரில் பிறந்த உடன்பிறப்பு. ஆனால் கொக்கிஸ் எண்ணெயில் பொரிக்கும் அச்சுப் பலகாரம் ஆதலால் அப்பெயரை இதற்கு வைக்க இயலாது. பிஸ்கற் என்ற சொல்லுக்கு இருமுறை சுட்டது என்பது மூலப்பொருள். சமைத்தலைக் குறிக்கும் அடுதல் என்ற வினையிலிருந்து அதனை ‘ஈரட்டி’ என்று ஆக்கியோர் உளர். அவ்வழியே, ஒருமுறை மட்டும் சுடும் இதனை ‘ஓரட்டி’ என்பதே முறை. ஆகவே ‘அரி ஓரட்டி’ என்று முன்மொழிகிறேன்.

முள்ளியவளையிலிருந்து, வெதுப்பகம் நடத்துபவர்:

ஐயாவின் புலமைக்கு வணக்கம். ஆனால் என்னிடம் வேலை பழகும் பிள்ளைகள் மாவை அரிதட்டில் அரிக்கிறார்கள். ‘மாவை அரித்து அரியைச் சேர்க்கவும்’ என்று கைநூல் சொன்னால் அவர்கள் எதைச் சேர்ப்பார்கள்? ‘ஓரட்டி’யைச் சொல்லிப் பார்த்தேன், கேட்டவர்கள் ஒரு ரொட்டி என்றே விளங்கிக்கொண்டார்கள். வற்றாப்பளைக் கண்ணகி அம்மனின் வைகாசிப் பொங்கலோடு வளர்ந்த எங்கள் பிள்ளைகளுக்குக் கண்ணகி கதையில் சிலம்புப் பரல் தெரியும். ‘பரல்’ என்று எழுதுங்கள், அம்மா.

பெயரைவிட எனக்குப் பெரிதாகத் தெரிவது வேறொன்று. இத்தகைய கைநூல்கள் எல்லாம் பட்டரை ‘அறை வெப்பநிலையில்’ எடுக்கச் சொல்கின்றன. சித்திரை வெயிலில் தகரக் கூரையின் கீழ் உள்ள அறையில் பட்டர் உருகி எண்ணெயாகிவிடும். அதில் சீனியை அடித்தால் காற்று ஏறாது, தட்டில் வைத்த மா பரந்து ஒன்றோடொன்று ஒட்டிவிடும். விரலால் அழுத்தினால் குழி விழ வேண்டும், விரலில் எண்ணெய் பளபளக்கக் கூடாது என்று எழுதுங்கள். உருட்டிய மாவை அரை மணி நேரம் குளிர்ப்பெட்டியில் வைத்து, அதன் பின்னரே போறணையில் வைக்கச் சொல்லுங்கள்.

வவுனியாவிலிருந்து:

பரல் என்பது பருக்கைக்கல். அது உருகாது, சொக்கலேற்றோ ஏறத்தாழ 34 பாகையில் உருகுவது. பொருளுக்கு முரணான சொல்லை மாணவருக்குக் கொடுக்கலாமா? அரி வேண்டாமெனில் ‘துணுக்கு’ என்றாவது எழுதுக. ‘விசுக்கோத்து’ என்ற போர்த்துக்கேயச் சொல்லுக்குத் திரும்பிவிட வேண்டாம் என்றும் வேண்டுகிறேன். ‘வெதுப்பகம்’ என்ற சொல்லை வீதிப் பலகைகளில் நிலைக்கச் செய்த மண் இது. அவ்வழியே பிஸ்கற்றை ‘வெதுப்படை’ என்றால் இங்கு எவருக்கு விளங்காது?

கிளிநொச்சியிலிருந்து:

ஐயா, உருகும் பொருள் என்பது உண்மையே. எனினும் கடையில் வாங்கும் துண்டுகளில் கொக்கோக் கொழுப்பைக் குறைத்தே வைப்பதால் அவை போறணையில் இளகினாலும் உருக்குலைவதில்லை. ஆறிய பின் கடித்தால் பரலாகவே பல்லில் படுகின்றன. கட்டியை நாமே உடைத்துப் போடும்போது ‘துணுக்கு’ பொருந்தும் என்பதை ஏற்று, செய்முறையில் அவ்விடத்தில் மட்டும் அதனை வைத்துள்ளேன். ‘வெதுப்படை’யை நேற்று வகுப்பில் கரும்பலகையில் எழுதினேன். தட்டில் தட்டிச் சுடும் அடை என்று பலரும் எண்ணினர். ‘விசுக்கோத்து’ என்று எழுதியபோது எவரும் கேள்வி கேட்கவில்லை. ‘போறணை’யும் ‘பாணு’ம் அதே மொழியிலிருந்து வந்து நம் அடுக்களையில் தங்கியவையே, அவற்றை நீக்கினால் கைநூலில் பாதி வரிகள் நிற்கா. குழுமத்தில் எழுதியவர்களில் பெரும்பாலோர் இதற்கு இசைந்திருப்பதால், ‘சொக்கலேற் பரல் விசுக்கோத்து’ என்றே அச்சுக்குக் கொடுக்கிறேன். ‘அறை வெப்பநிலை’ என்ற தொடரை நூல் முழுவதிலும் நீக்கி, விரல் அடையாளத்தையே எழுதிவிட்டேன்.

வவுனியாவிலிருந்து:

விரல் அடையாளம் மிக நன்று. பெயரில் என் மறுப்பு நிற்கிறது. அடுத்த பதிப்பின்போது ‘வெதுப்படை’யை மீண்டும் எடுத்துவருவேன்.