பழைய கைப்பேசி இணைப்புக்கான டிஎல்எல் கோப்புகளைத் தொகுத்து வைக்கலாமா?

எழுத்தாணி:
பழைய பொத்தான் கைப்பேசி ஒன்றிலிருந்து குறுஞ்செய்திகளைக் கணினிக்கு மாற்ற முயன்றேன். அதற்கான இணைப்பு மென்பொருள், ஒரு டிஎல்எல் கோப்பை (நிரல்கள் தேவைப்படும்போது அழைத்துப் பயன்படுத்தும் நூலகக் கோப்பு) காணவில்லை என்று கூறி நின்றுவிட்டது. அந்தக் கோப்பைத் தனியாகத் தரும் தளங்கள் இருக்கின்றன. எடுத்து விண்டோஸின் சிஸ்டம்32 கோப்புறையில் இட்டால் போதும் என்கிறார்கள். இத்தகைய கோப்புகளை நாமே ஒரு தொகுப்பாகச் சேர்த்து வைத்தால் பலருக்கும் பயன்படும் என்று கருதுகிறேன்.

நிரல்வாணன்:
இதை நான் முற்றிலும் எதிர்க்கிறேன். இணைப்பு மென்பொருள் என்பது ஒரே பொருளன்று. அடியில், யுஎஸ்பி கேபிளை ஒரு தொடர் போர்ட்டாகக் கணினிக்குக் காட்டும் டிரைவர் இருக்கிறது. அதற்கு மேல், ஏடி கட்டளைகள், ஓபெக்ஸ், நோக்கியாவின் எஃப்பஸ் போன்ற நெறிமுறைகளில் கைப்பேசியுடன் பேசும் நூலகம் இருக்கிறது. நாம் பார்க்கும் சாளரம் இவற்றின் உச்சியில்தான் வருகிறது. நீங்கள் தேடும் டிஎல்எல் நடு அடுக்கில் ஒரு துண்டு மட்டுமே. 64 பிட் விண்டோஸ், 32 பிட் டிரைவரை ஏற்றவே ஏற்றாது. விஸ்டா காலத்திலிருந்து 64 பிட் பதிப்புகள் கையொப்பமில்லாத டிரைவரையும் மறுக்கின்றன. ஆகவே கோப்பைக் கொண்டுவந்து வைத்தாலும், அது பேச வேண்டிய போர்ட் அங்கே இருக்காது.

இடமும் தவறு. 64 பிட் விண்டோஸில் 32 பிட் நூலகங்களுக்கான கோப்புறை சிஸ்வாவ்64. சிஸ்டம்32 என்பது 64 பிட் கோப்புகளுக்கு உரியது. (இப்படிப் பெயர் வைத்தவர்களை யார் கேட்பது!) இரண்டையும் குழப்பிவிட்டால் 0எக்ஸ்சி000007பி என்ற பிழைதான் மிஞ்சும். போதாக்குறைக்கு, யாரோ ஏற்றி வைத்த டிஎல்எல், அதை அழைக்கும் நிரலுக்கு உள்ள எல்லா உரிமைகளோடும் உங்கள் கணினியில் இயங்கும்.

எழுத்தாணி:
டிரைவர் பற்றிய உங்கள் வாதம் எல்லாக் கைப்பேசிகளுக்கும் பொருந்தாது. சிடிசி ஏசிஎம் என்ற பொதுத் தரத்தின்படி தன்னை ஒரு தொடர் போர்ட்டாக அறிவிக்கும் கருவிகளுக்கு விண்டோஸ் 10 தன்னிடமுள்ள யுஎஸ்பிசெர் டிரைவரையே ஏற்றிக்கொள்கிறது. அங்கே குறைவது நூலகம்தான். நோக்கியாவின் கைப்பேசிப் பிரிவு 2014 ஏப்ரலில் மைக்ரோசாஃப்ட் கைக்குப் போனது. இப்படிக் கைமாறும்போதும் மூடப்படும்போதும் முதலில் மறைவது ஆதரவுப் பக்கங்களும் பதிவிறக்கங்களுமே. கைப்பேசித் தரவைக் கணினியில் படிக்க உதவும் காமு போன்ற திறந்த மூல நிரலைச் சொல்வீர்கள் என்று தெரியும். சிம்பியன் இயங்குதளம் கொண்ட கைப்பேசி என்றால், முதலில் அதிலேயே ஒரு சிறு செயலியை நிறுவும்படி காமு கேட்கிறது. திரை உடைந்த கைப்பேசியில் அதை எப்படி நிறுவுவது?

அலைவரிசை:
உதிரி டிஎல்எல் வேண்டாம் என்பதில் நிரல்வாணன் பக்கம் நிற்கிறேன். பாதுகாக்கவே வேண்டாம் என்றால் அவரோடு உடன்பட மாட்டேன். தயாரிப்பாளரின் டிஜிட்டல் கையொப்பம் கெடாத முழு நிறுவிக் கோப்பை, அதன் ஷா-256 மதிப்போடு (கோப்பு மாறாமல் இருக்கிறதா என்று சரிபார்க்க உதவும் கைரேகை போன்ற எண்) வைத்துக்கொள்ளலாம். 32 பிட் விண்டோஸ் எக்ஸ்பியை மெய்நிகர் கணினியில் நிறுவி, வலைத் தொடர்பைத் துண்டித்து, யுஎஸ்பி கருவியை மட்டும் உள்ளே அனுப்பினால், டிரைவரும் நூலகமும் தமக்குரிய சூழலிலேயே இயங்கும். எக்ஸ்பிக்கான ஆதரவு 2014 ஏப்ரல் 8ஆம் நாளே முடிந்துவிட்டதால், வலைத் தொடர்பைத் துண்டிப்பதை யாரும் விட்டுவிடக் கூடாது.

நிரல்வாணன்:
அது ஒருமுறை தரவை எடுப்பதற்கு உதவும். அதைத் தாண்டி மூடிய நூலகத்தை நம்ப எனக்கு மனமில்லை. தமிழ்க் குறுஞ்செய்தியையே எடுத்துக்கொள்ளுங்கள். அது யுசிஎஸ்-2 குறியாக்கத்தில் செல்வதால் ஒரு செய்தியில் 70 குறியீடுகளே கொள்ளும். நீளமானால் 67 குறியீடுகள் கொண்ட துண்டுகளாக உடைந்து, எத்தனையாவது துண்டு என்பதை ஒரு சிறு தலைப்பில் சுமந்து வரும். ஏற்றுமதி செய்யும் நூலகம் அந்தத் தலைப்பைத் தவறவிட்டால், எந்தத் துண்டு எதனோடு சேரும் என்று சொல்ல வழியில்லை. காமுவில் இப்படி ஒரு பிழை இருந்தால் மூலநிரலைத் திறந்து திருத்தலாம். மூடிய டிஎல்எல்லில் என்ன செய்வீர்கள்? எஃப்பஸ் நெறிமுறையை வெளியார் ஆராய்ந்து கண்டதால்தான் நோக்கி (Gnokii) என்ற நிரல் எழுந்தது, காமுவும் அந்த வழியில் வந்தது. மூலநிரல் இருப்பதால் அதை இன்றைய 64 பிட் கணினியிலும் இயங்கும் நிரலாக மாற்ற (கம்பைல் செய்ய) முடிகிறது. தவிர, மூடிய மென்பொருளை மறுவிநியோகம் செய்ய அவற்றின் உரிம ஒப்பந்தங்கள் பெரும்பாலும் இடம் தருவதில்லை. காமுவின் ஜிபிஎல் உரிமம் தருகிறது.

எழுத்தாணி:
மூலநிரலைத் திருத்துபவருக்கும் ஒப்பிட்டுப் பார்க்க அசல் நூலகம் வேண்டும்; அது எந்தக் கட்டளைக்கு எந்த விடையைப் பெறுகிறது என்று போர்ட்டில் கவனித்துத்தான் நெறிமுறைகளைக் கண்டுபிடிக்கிறார்கள். அசல் அழிந்தால் அந்த வழியும் அடைபடும். உரிமம் தடுக்குமானால், கோப்புகளை விட்டுவிட்டு, நிறுவியின் பெயர், பதிப்பு எண், ஷா-256 மதிப்பு ஆகியவற்றை மட்டும் பட்டியலிடுவோம். தம்மிடம் பழைய குறுவட்டு வைத்திருப்பவர் அதை ஒப்பிட்டுச் சரிபார்த்துக்கொள்ளலாம்.

நிரல்வாணன்:
பட்டியலுக்கு எனக்கு மறுப்பில்லை. எந்த மாதிரிக்கு எந்த நெறிமுறை, காமு அதில் எதுவரை படிக்கிறது என்ற விவரத்தையும் சேர்ப்பதானால் நானும் எழுதித் தருகிறேன். உதிரி டிஎல்எல்லுக்கான இணைப்பு ஒன்றுகூட அதில் வரக்கூடாது.