தும்பு ஆலை வேலை, விடியற்காலை இருமல்: ஆஸ்துமாவா?

கேள்வி: குமரி மாவட்டம் கருங்கல் ஊர்ப் பக்கம் தும்பு (தேங்காய் நார்) ஆலையில் வேலை பார்க்கும் அண்ணனுக்கு வயது 44. விடியற்காலை 3 மணிக்கு இருமல், இழுப்பு. லீவு நாளில் குறைகிறது. எக்ஸ்ரேயில் ஒன்றுமில்லை. நீல இன்ஹேலர் மாதம் ஒன்று தீர்கிறது.

பதில் 1: ஆஸ்துமாவில் எக்ஸ்ரே பெரும்பாலும் சுத்தமாகத்தான் இருக்கும். ஸ்பைரோமெட்ரி (குழாயில் ஊதி மூச்சை அளக்கும் சோதனை) செய்யுங்கள். ஊதிப் பார்த்து, சால்பூட்டமால் (நீல இன்ஹேலர் மருந்து) 4 பஃப் கொடுத்து, 15 நிமிடம் கழித்து மறுபடி ஊதும்போது முதல் நொடியில் வெளிவரும் காற்று 12 சதவீதமும் 200 மில்லியும் கூடினால் ஆஸ்துமாவுக்கு வலுவான ஆதாரம். கூடாவிட்டாலும் இல்லை என்று தள்ளிவிட முடியாது. பீக் ஃப்ளோ மீட்டர் (ஊதும் வேகத்தை அளக்கும் சிறு கருவி) வாங்கி, வேலை நாள், லீவு நாள் இரண்டிலும் ஊதி, அளவை எழுதி வையுங்கள். தூசிதான் காரணமா என்று அதில் தெரியும். ஆசாரிபள்ளம் மருத்துவக் கல்லூரியில் காட்டலாம்.

பதில் 2: மாதம் ஒரு நீல இன்ஹேலர் என்பது ஆபத்தான கணக்கு, அக்கா. அது மூச்சுக் குழாயை விரிக்கும், உள்ளே இருக்கும் வீக்கத்தைத் தொடாது. வீக்கத்துக்கு ஸ்டீராய்டு இன்ஹேலர் தினமும் வேண்டும், டாக்டரிடம் கேளுங்கள். இன்ஹேலரைக் குலுக்கி, மூச்சை முழுக்க வெளியே விட்டு, அழுத்திக்கொண்டே மெதுவாக இழுத்து, 10 விநாடி அடக்கணும். வேகமாக இழுத்தால் மருந்து தொண்டையிலேயே ஒட்டிவிடும். ஸ்பேசர் (இன்ஹேலரில் மாட்டும் பிளாஸ்டிக் குடுவை) வைத்தால் இந்தத் தவறு குறையும். பிறகு வாய் கொப்பளித்துத் துப்பணும், இல்லையென்றால் நாக்கில் வெள்ளை படியும்.

பதில் 3: ஒரு வாக்கியம் முடிக்க முடியாமல் திணறினாலோ உதடு நீலமானாலோ உடனே 108. வண்டி வரும்வரை நிமிர்ந்து உட்கார வைத்து, நீல இன்ஹேலரை ஸ்பேசரில் ஒவ்வொரு பஃப்பாக 4 கொடுங்கள்; 4 நிமிடத்தில் குறையாவிட்டால் மறுபடி 4.