புதுப்பிப்பு: மாடுலர் கிச்சனுக்கு ஸ்கெட்ச்அப் ப்ளகின் – ஓபன்கட்லிஸ்ட்டே போதும்

சேலம் அஸ்தம்பட்டியில் ஒரு வீட்டுக்கு மாடுலர் கிச்சன் வரைகிறேன், முப்பரிமாணப் படம் வரையும் ஸ்கெட்ச்அப் மென்பொருளில் எந்த ப்ளகின் (அதோடு சேர்த்துக்கொள்ளும் துணை மென்பொருள்) வாங்கலாம் என்று முன்பு கேட்டிருந்தேன். பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி. வேலை முடிந்துவிட்டது.

கைகொடுத்தது ஈரோட்டு நண்பர் சொன்ன யோசனைதான்: காசு கொடுத்து கேபினட் ப்ளகின் வாங்குவதற்கு முன், வரைந்த படத்திலிருந்து வெட்ட வேண்டிய துண்டுகளின் பட்டியலை எடுத்துத் தரும், இலவசமாகக் கிடைக்கும் ஓபன்கட்லிஸ்ட் ப்ளகினைப் போட்டுப் பாருங்கள். ஒரு விஷயம், பிரவுசரில் ஓடும் ஸ்கெட்ச்அப்பில் ப்ளகின் ஏறாது. கம்ப்யூட்டரில் நிறுவும் பதிப்பு வேண்டும்.

ஒவ்வொரு பலகையையும் படத்தில் தனித்தனி காம்பொனென்ட் (தனி உறுப்பு) ஆக்கி, பிளைவுட்டை ஷீட் வகை மெட்டீரியலாகக் குறித்து, 2440 × 1220 மி.மீ. அளவும் ரம்பம் தின்னும் அகலமும் கொடுத்தேன். எட்டடிக்கு நாலடி ஷீட்டில் எந்தத் துண்டு எங்கே என்று வெட்டுப் படமே வந்துவிட்டது. ஆசாரி அதைப் பிரிண்ட் எடுத்துப் பட்டறைச் சுவரில் ஒட்டிக்கொண்டார்.

எதிர்பாராதது கிரெயின் திசை, அதாவது மரக் கோடுகள் ஓடும் திசை. ப்ளகின் தானாகவே நீளமான பக்கத்தை கிரெயின் திசையாக எடுத்துக்கொள்கிறது. டிராயர் முகப்புக்கு உயரத்தைவிட அகலம் அதிகம் அல்லவா, அதனால் கோடுகள் கதவில் நெட்டாகவும் டிராயரில் படுக்கையாகவும் வந்தது. வெட்டுவதற்கு முன்பே ஆசாரி கண்ணில் பட்டது. அந்தத் துண்டுகளுக்கு மட்டும் தானியங்கித் திசையை நிறுத்தி, அச்சைக் கையால் திருப்பினால் சரியாகிவிடும். ஒற்றை நிற லேமினேட் என்றால் இந்தக் கவலையே இல்லை.

படத்தை நிஜப் புகைப்படம் போலக் காட்டும் ரெண்டரிங் ப்ளகின் பற்றியும் சிலர் எழுதியிருந்தீர்கள். வீட்டுக்காரம்மாவுக்கு லேமினேட் கடையின் சாம்பிள் அட்டையே போதுமாக இருந்ததால் அதைத் தொடவில்லை.